60 தவணை கட்டியாயிற்று, இன்னும் 225 தவணை பாக்கி என்கிறது ஸ்டேட்மெண்ட். எங்கே தப்பு?

தென்னங்கீற்று:

வணக்கம். வீட்டுக்கடன் கணக்கு தெரிந்தவர்கள் கொஞ்சம் உதவுங்கள். இரண்டு நாளாகச் சரியான தூக்கம் இல்லை.

ஐந்து வருடத்துக்கு முன்னால் 40 லட்சம் கடன் வாங்கினோம். 20 வருடம், அதாவது 240 மாதம். வட்டி 8 சதவீதம், மாறும் வட்டி. மாதத் தவணை 33,458. எனக்கு அப்போது 38 வயது. 58இல் வேலை ஓய்வு, கடனும் அத்தோடு முடிந்துவிடும் என்று பார்த்துத்தான் 20 வருடம் எடுத்தோம். இன்றுவரை ஒரு தவணைகூடத் தவறியதில்லை, தாமதமானதும் இல்லை.

போன வாரம் வேறு ஒரு வேலைக்காகக் கடன் ஸ்டேட்மெண்ட் எடுத்தேன். இதுவரை கட்டியது 20 லட்சத்துக்குக் கொஞ்சம் மேல். பாக்கி அசல் 36.27 லட்சம். மீதி தவணைகள் 225.

240இல் 60 போனால் 180தானே? இந்த 45 மாதம் எங்கிருந்து வந்தது? அப்புறம், 20 லட்சம் கட்டிய பிறகு அசலில் குறைந்தது வெறும் 3.73 லட்சமா? கிளையில் கேட்டேன். "கம்ப்யூட்டர் போடுற கணக்கு, தப்பு வராது" என்று மட்டும் சொன்னார்கள். புகார் எழுதலாமா, இல்லை நான்தான் எதையாவது பார்க்காமல் விட்டிருக்கிறேனா?

இரவுப்பணி:

அக்கா, முதலில் பதறாதீர்கள். அசல் மெதுவாகக் குறைவது எல்லா வீட்டுக்கடனிலும் நடப்பதுதான். 40 லட்சத்துக்கு 8 சதவீதம் என்றால் முதல் மாத வட்டி மட்டும் 26,667. உங்கள் 33,458இல் அது போக அசலுக்குப் போனது 6,791தான். மாதம் போகப் போக வட்டி குறையும், அசல் பங்கு ஏறும். ஆரம்ப வருடங்கள் இப்படித்தான் இருக்கும்.

ஆனால் 225 எனக்கும் புரியவில்லை. விவரம் தெரிந்தவர்கள் வரட்டும்.

கணக்கேடு:

பல வருடம் கடன் பிரிவில் வேலை பார்த்தவன், அதனால் சொல்கிறேன். புகார் எழுதும் முன் ஒரு வேலை செய்யுங்கள் அம்மா. ஸ்டேட்மெண்டில் ஏதாவது ஒரு வரியை எடுங்கள். அந்த மாதத் தொடக்கத்தில் இருந்த பாக்கியை வட்டி வீதத்தால் பெருக்கி 12ஆல் வகுங்கள். வருகிற தொகையும் அந்த வரியில் போட்டிருக்கும் வட்டியும் ஒத்துப்போக வேண்டும். முதல் மாதத்திலிருந்து இப்படியே பார்த்துக்கொண்டு வாருங்கள். எந்த மாதத்தில் ஒத்துப்போகவில்லையோ அங்கேதான் விஷயம் இருக்கிறது. அந்த வரியையும் அதற்கு முந்தைய வரியையும் இங்கே போடுங்கள்.

தென்னங்கீற்று:

ரொம்ப நன்றி ஐயா. பென்சிலை வைத்துக்கொண்டு ஒவ்வொரு வரியாகப் பார்த்தேன். 24ஆம் மாதம் வரை கச்சிதமாக வருகிறது. 25இல் இடிக்கிறது.

24ஆம் மாதம்: வட்டி 25,546, அசல் 7,912.
25ஆம் மாதம்: வட்டி 28,679, அசல் 4,779.

தவணை இரண்டிலும் அதே 33,458. ஒரே மாதத்தில் அசலுக்குப் போகிற பணம் மூவாயிரத்துக்கு மேல் குறைந்திருக்கிறது! பழைய மின்னஞ்சல்களைத் தேடினேன். அந்தச் சமயத்தில் ஒன்று வந்திருக்கிறது. வட்டி 9 சதவீதமாக மாறுகிறது, "தங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை" என்று இருக்கிறது. தவணை மாறவில்லை என்றதும் நிம்மதியாக மூடி வைத்தது இப்போது ஞாபகம் வருகிறது.

கணக்கேடு:

அதேதான். கணக்கில் தப்பு இல்லை அம்மா. உங்கள் கடனின் நீளம் மாறிவிட்டது.

மாறும் வட்டிக் கடனில் வட்டி ஏறினால் இரண்டு வழி உண்டு. மாதங்களை அப்படியே வைத்துத் தவணையை ஏற்றலாம். அல்லது தவணையை அப்படியே வைத்து மாதங்களை நீட்டலாம். இரண்டாவதைச் செய்தால் வாங்கியவருக்கு உடனே வலிக்காது, அதனால் பல இடங்களில் தானாக நடப்பது அதுதான். உங்களுக்கும் அப்படித்தான் ஆகியிருக்கிறது. வட்டி ஏறிய அன்று பாக்கி 38.24 லட்சம், மீதி 216 மாதம். அதே 33,458ஐக் கட்டி 9 சதவீதத்தில் தீர்க்க 261 மாதம் வேண்டும். உங்களுடைய 45 மாதம் அங்கேதான் சேர்ந்தது. அதன்பின் 36 மாதம் கட்டிவிட்டீர்கள், மீதி 225.

இனி இதன் மொத்த விலையைப் பாருங்கள். கையெழுத்துப் போட்ட அன்று இருந்த கணக்கின்படி 20 வருடத்தில் நீங்கள் கட்ட வேண்டியது 80.30 லட்சம். இப்போதைய பாதையில் போனால் கட்டியதும் கட்டப்போவதும் சேர்ந்து ஏறக்குறைய 95 லட்சம். ஒரே ஒரு சதவீதம் ஏறியதற்கு 15 லட்சம்! கடைசித் தவணை கட்டும்போது உங்களுக்கு வயது 61 முடிந்து 9 மாதம்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். இங்கிருந்து வட்டி 10 ஆனால் மீதி 282 மாதமாகும். 11 சதவீதத்தைத் தாண்டிவிட்டால் இந்தத் தவணை வட்டிக்கே போதாது. மாதாமாதம் கட்டிக்கொண்டே இருப்பீர்கள், அசல் ஏறிக்கொண்டே போகும். அதனால் தவணை மாறவில்லை என்று தகவல் வந்தால் அடுத்த கேள்வியாக மாதம் எத்தனை ஆனது என்று கேளுங்கள். கடன் வாங்கும் எல்லோருக்கும் இதை நான் சொல்வேன். தவணைத் தொகை உங்கள் மாத பட்ஜெட்டுக்கு வேண்டிய எண். கடனின் விலை மாத எண்ணிக்கையில் இருக்கிறது.

தென்னங்கீற்று:

படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். மூன்று வருடம் இது தெரியாமலே கட்டியிருக்கிறோம். சரி, இனி என்ன செய்யலாம்? கையில் சேமிப்பு 4 லட்சம் இருக்கிறது. வேறு ஒரு நிறுவனத்தில் கடனை மாற்றிக்கொள்ளவும் கூப்பிடுகிறார்கள். 8.25 சதவீதம், தவணை 30,906ஆகக் குறையும் என்கிறார்கள். கேட்க நன்றாக இருக்கிறது.

கணக்கேடு:

எத்தனை மாதத்துக்கு என்று சொன்னார்களா?

தென்னங்கீற்று:

240 மாதம் ஐயா. இப்போது நீங்கள் கேட்டதும்தான் உறைக்கிறது.

கணக்கேடு:

ஆமாம். 30,906ஐ 240ஆல் பெருக்கினால் 74.17 லட்சம். இப்போதைய கடனை இப்படியே ஓட்டினால் இனி கட்ட வேண்டியது 75.10 லட்சம். முக்கால் சதவீதம் குறைந்தும் மிச்சம் ஒரு லட்சத்துக்குள். மாற்றும் கட்டணம், சட்டக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம் எல்லாம் போனால் அதிலும் எவ்வளவு நிற்கும் என்று சொல்ல முடியாது. கடனும் உங்கள் 63 வயது வரை ஓடும்.

அதே 8.25க்கு மாறிவிட்டுத் தவணையைக் குறைக்காமல் 33,458ஏ கட்டினால் 200 மாதத்தில் முடியும், 8 லட்சத்துக்கு மேல் மிச்சம். ஆக வட்டி குறைவது நல்லதுதான், ஆனால் குறைந்த வட்டியோடு கடிகாரத்தைத் திரும்ப முதலிலிருந்து ஓட விடாதீர்கள். முதலில் உங்கள் இப்போதைய இடத்திலேயே வட்டியைக் குறைக்கச் சொல்லி எழுத்தில் கேளுங்கள். புது வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் வீதம் பழையவருக்குத் தானாக வந்து சேராது, கேட்டால் ஒரு சிறு கட்டணத்தோடு கொடுப்பதுண்டு.

செவ்வந்தி:

இடையில் வருவதற்கு மன்னிக்கவும். அக்கா, கடன் வாங்கியவர் இறந்துவிட்டால் கடனை அடைக்கும் காப்பீடு ஏதாவது கடனோடு எடுத்தீர்களா? என் கதையைச் சொல்கிறேன். கடன் வாங்கும்போது ஒரே பிரீமியம் 1 லட்சம் என்று சொல்லி, அதைக் கடன் தொகையிலேயே சேர்த்துவிட்டார்கள். கையிலிருந்து போகவில்லையே என்று நானும் கையெழுத்துப் போட்டேன். 9 சதவீதம், 20 வருடம். அந்த ஒரு லட்சத்துக்காக மட்டும் மாதம் 900 போகிறது. முடிவில் அது 2.16 லட்சம். ஆண்டுக்காண்டு கட்டும் சாதாரண டேர்ம் பாலிசியின் (குறித்த காலத்துக்கு மட்டும் உயிர்க்காப்பு தருவது) விலையை அன்றைக்கே ஒப்பிட்டுப் பார்த்திருக்கலாம் என்று இன்றும் மனம் ஆறவில்லை.

அதைவிட முக்கியம், இப்படிப்பட்ட பாலிசிகளில் பலவற்றில் காப்புத் தொகை முதலில் போட்ட கடன் அட்டவணைப்படியே வருடாவருடம் குறையும். உங்கள் கடன் நீண்டது பாலிசிக்குத் தெரியாது. 240ஆம் மாதம் காப்பு முடிந்திருக்கும், உங்களுக்கு 45 மாதக் கடன் மிச்சம் இருக்கும். பாலிசித் தாளை எடுத்து முடியும் தேதியைப் பாருங்கள்.

தென்னங்கீற்று:

எடுத்தோம், ஆனால் பிரீமியத்தைக் கையிலிருந்து கட்டினோம். காப்பு நீங்கள் சொன்ன மாதிரியே குறைகிற வகை. இந்த வருட அட்டவணையில் 35.01 லட்சம் இருக்கிறது, பாக்கியோ 36.27. நீங்கள் சொல்லாவிட்டால் இதைப் பார்த்தே இருக்க மாட்டேன் செவ்வந்தி.

நிழல்மரம்:

ஒரு மாற்றுக் கருத்து. 95 லட்சம் என்ற எண்ணைப் பார்த்துப் பயப்படுவது பாதி உண்மைதான். இன்றைய 33,458உம் இருபது வருடம் கழித்துக் கட்டும் 33,458உம் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 6 சதவீதம் ஏறுவதாக வைத்துக்கொண்டால், அன்றைக்கு அந்தத் தவணையின் மதிப்பு இன்றைய கணக்கில் 10,400 சொச்சம்தான். சம்பளமும் ஏறும். எல்லாத் தவணையையும் அப்படியே கூட்டிக் கடனின் விலை என்று சொல்வது சரியில்லை. கையிலிருக்கும் பணத்தை முதலீட்டில் போட்டால் கடன் வட்டியைவிட அதிகமாகக் கிடைக்கவும் வாய்ப்பு உண்டு.

கணக்கேடு:

விலைவாசி பற்றி நீங்கள் சொன்னது சரி, நான் அதை விட்டுவிட்டேன். 80க்கும் 95க்கும் உள்ள வித்தியாசம் இன்றைய மதிப்பில் 15 லட்சம் ஆகாது, அதைவிடக் குறைவு. ஆனால் இரண்டு விஷயம். சம்பளம் ஏறும் என்பது 58 வயது வரைதான். நீண்டுபோன மாதங்கள் எல்லாம் அதற்கு அப்புறம் வருகின்றன. அந்த வயதில் ஓய்வுப் பணத்திலிருந்து தவணை கட்டுவது எவ்வளவு பாரம் என்று எங்கள் மேசைக்கு வந்தவர்களிடம் பார்த்திருக்கிறேன். அடுத்தது, முதலீட்டில் கிடைப்பது கிடைக்கலாம். 9 சதவீதக் கடனைக் குறைத்தால் அந்த 9 சதவீதம் உறுதி, வட்டி மாறும் வரை. உறுதியோடு உறுதியைத்தான் ஒப்பிட வேண்டும்.

நிழல்மரம்:

ஓய்வு வயதை நான் யோசிக்கவில்லை. அவர்கள் விஷயத்தில் நீங்கள் சொல்வதுதான் பொருந்தும்.

இரவுப்பணி:

அக்கா, 4 லட்சத்தையும் தூக்கிக் கட்டிவிடாதீர்கள். வேலைக்கோ உடம்புக்கோ ஏதாவது ஆனால், கடனில் கட்டிய பணத்தைத் திரும்ப எடுக்க முடியாது. ஆறு மாதச் செலவுக்காவது தனியாக வையுங்கள். முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா என்று ஒப்பந்தத்திலும் பாருங்கள்.

கணக்கேடு:

தம்பி சொல்வது முக்கியம். உதாரணத்துக்கு ஒரு கணக்கு தருகிறேன். தவணையை 36,790ஆக ஏற்றினால் பழையபடி 180 மாதத்தில் முடியும். மாதம் 3,300 சொச்சம் கூடுதல், மொத்தத்தில் 8.88 லட்சம் மிச்சம். அல்லது தவணையைத் தொடாமல் இப்போது 3 லட்சம் அசலில் கட்டினால் 225 என்பது 184 ஆகும். வட்டியில் 10 லட்சத்துக்கு மேல் மிச்சம். ஆரம்பத்தில் கட்டும் பணத்துக்கு வலு அதிகம், ஏனென்றால் அது மீதி வருடங்கள் அத்தனைக்கும் வட்டியை நிறுத்துகிறது. இதே 3 லட்சத்தைப் பத்து வருடம் கழித்துக் கட்டினால் பலன் இதில் பாதிகூட வராது.

எதைச் செய்தாலும் எழுத்தில் ஒரு வரி சேருங்கள்: "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறைக்கவும்." அதைச் சொல்லாவிட்டால் சில இடங்களில் மாதங்களை அப்படியே விட்டுத் தவணையைக் குறைத்துவிடுவார்கள்.

தென்னங்கீற்று (மூன்று வாரம் கழித்து):

எல்லோருக்கும் தகவல் சொல்ல வந்தேன். முன்கூட்டிக் கட்ட அபராதம் இல்லை என்று ஒப்பந்தத்திலேயே இருந்தது. 2 லட்சம் அசலில் கட்டினோம், 2 லட்சத்தைத் தொடவில்லை. தவணையை 36,000 ஆக்கச் சொல்லிக் கடிதம் கொடுத்தோம். நானும் கணவரும் வீட்டுச் செலவை வரிவரியாகப் பார்த்து எட்டிய தொகை அது. கவுண்டரில் இருந்தவர் "தவணை குறையணுமா, காலமா?" என்று கேட்டார். நல்லவேளை, கடிதத்திலேயே இருந்தது.

புது அட்டவணை நேற்று வந்தது. மீதி 168 மாதம். பென்சிலோடு முதல் மூன்று வரியைச் சரிபார்த்துவிட்டேன், ஒத்துப்போகிறது. வட்டிக் குறைப்புக்குத் தனியாக விண்ணப்பித்திருக்கிறோம், பதில் இன்னும் வரவில்லை. காப்பீட்டில் உள்ள இடைவெளிக்கு ஒரு சிறிய டேர்ம் பாலிசி விசாரித்துக்கொண்டிருக்கிறேன்.

கணக்கேடு ஐயா, ஒரே ஒரு சந்தேகம். வட்டி குறைந்தால் அவர்களாகவே தவணையைக் குறைத்துவிடுவார்களா?

கணக்கேடு:

குறைக்கக்கூடும் அம்மா. விண்ணப்பம் போன பிறகும் அந்தக் கடிதத்தின் நகலோடு இன்னொரு முறை எழுதிக் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்கிவிடுங்கள். புது வீதம் வந்த மாதத்தின் வரியை இங்கே போடுங்கள், சேர்ந்து பார்ப்போம்.