பரோக் குழு: ஒரு குரலுக்கு ஒரே ஆள் என்றால் தாக்குப்பிடிப்பது எப்படி?

கேள்வி:
பரோக் இசை (1600–1750 கால ஐரோப்பிய இசை) மட்டுமே பாடும் பன்னிரண்டு பேர் குழுவில் நான் ஆல்டோ, அதாவது தாழ்ந்த பெண்குரல். இப்போது செபாஸ்டியன் பாக்கின் 'யேசு, மைனே ஃப்ராய்டே' என்ற மோட்டெட்டை (பல குரல்கள் சேர்ந்து பாடும் சமயப் பாடல்) எடுத்திருக்கிறோம். இதுவரை ஆல்டோவில் இரண்டு பேர். அவர் மூச்சு வாங்கும்போது நான் இழுத்துப் பிடிப்பேன், நான் வாங்கும்போது அவர். இந்த முறை ஐந்து குரலுக்கு ஐந்தே பேர் என்று இசை நடத்துநர் சொல்லிவிட்டார். பதினொரு பகுதிகளில் ஒன்பதாவதை, 'கூட்டே நாஹ்ட்'டை நினைத்தாலே பயமாக இருக்கிறது. அதில் பாஸ் (தாழ்ந்த ஆண்குரல்) கிடையாது. இரண்டு சோப்ரானோவும் (உயர்ந்த பெண்குரல்) டெனரும் (உயர்ந்த ஆண்குரல்) பின்னிக்கொண்டே போக, கோரல் (தேவாலயப் பாட்டு) மெட்டு முழுக்க ஆல்டோ தலையில். நேற்று மூன்றாவது வரியிலேயே குரல் நடுங்கிவிட்டது. பாக் காலத்தில் உண்மையிலேயே இப்படித்தான் பாடினார்களா?

பதில் 1:
அதே பகுதியில் டெனர் பாடியிருக்கேன். பாஸ் இல்லாததால கீழ்க்குரல் நாங்கதான், அதனால ஆல்டோவை நல்லா கவனிச்சிருக்கேன். கோரல் வரிகளுக்கு நடுவுல பாக் இடைவெளி விட்டிருக்கார், மூச்சுக்கு அது தாராளமா போதும். குரல் நடுங்குறது பெரும்பாலும் மூச்சு போதாம இல்லை, தனியா நிக்கிறோமேன்னு அழுத்திப் பாடுறதால. எங்க ஆல்டோவும் அப்படித்தான் ஆரம்பிச்சாங்க, சுருதி மேல ஏறிக்கிட்டே போச்சு. நடத்துநர் அவங்களை உட்கார வெச்சு, வார்த்தையை விட்டுட்டு உயிரெழுத்தை மட்டும் பேசுற சத்தத்துல பாடச் சொன்னார். அன்னைக்குத்தான் அந்த மெட்டு எனக்கு முதல்முறையா முழுசா கேட்டுச்சு. மத்த மூணு பேரும் சத்தத்தைக் குறைக்கணும், அது உங்க வேலை இல்லை, எங்க வேலை.

இன்னொண்ணு: பரோக் குழுக்கள் வைக்கிற 415 ஹெர்ட்ஸ் சுருதியில பாடுறீங்களா? இன்றைய 440-ஐ விட அரை ஸ்வரம் கீழே. சோப்ரானோவுக்கு நிம்மதி. ஆனா உங்க மெட்டோட முதல் வரியே இறங்குமுகம், இன்னும் ஆழத்துக்குப் போகும். வீட்டுல பழகும்போதே அந்தச் சுருதியில பழகுங்க.

பதில் 2:
வரலாற்றுக் கேள்விக்கு: இதில் இன்னும் ஒருமித்த கருத்து இல்லை. 1730 ஆகஸ்டில் லைப்சிக் நகர மன்றத்துக்கு எழுதிய மனுவில், ஒரு குழுவுக்குக் குறைந்தது பன்னிரண்டு பேர், குரலுக்கு மூவர் வேண்டும் என்கிறார் பாக். ஆனால் அது பட்டியலில் இருக்க வேண்டிய ஆட்களின் எண்ணிக்கை, ஒரே நேரத்தில் பாடுவோரின் எண்ணிக்கை அல்ல என்பது இசையறிஞர் ஜோஷுவா ரிஃப்கின் 1981-இல் முன்வைத்த வாதம். அடுத்த ஆண்டே பாக்கின் பி மைனர் மாஸை (வழிபாட்டுப் பாடல் தொகுப்பு) குரலுக்கு ஒருவர் என்றே ஒலிப்பதிவாகக் காட்டினார். எனக்கு அந்த வாதத்தைவிட அந்த ஒலிப்பதிவின் தெளிவுதான் பிடித்தது.

துணைக்கு ஆள் வேண்டுமென்றால், உங்கள் மெட்டையே கூடவே வாசிக்க வயோலா (வயலினைவிடச் சற்றுப் பெரிய கருவி) கேளுங்கள். 1729-இல் எழுதிய 'டெர் கைஸ்ட் ஹில்ஃப்ட்' மோட்டெட்டுக்கு, குரல்களோடு கூடவே வாசிக்கும் கருவிகளின் இசைக்குறிப்புப் படிகள் இன்றும் இருக்கின்றன. எனவே அது சலுகை அல்ல, பாக்கே செய்தது.

கேள்வி கேட்டவர்:
இருவருக்கும் நன்றி. இன்று உட்கார்ந்தே பாடிப் பார்த்தேன், நான்காவது வரி வரை நடுக்கம் வரவில்லை. வயோலா வாசிப்பவரிடமும் கேட்டாயிற்று, சனிக்கிழமை ஒத்திகைக்கு வருகிறார்.