ஸ்டூஜஸின் முதல் ஆல்பத்தை 1969இல் நிஜமாகவே எல்லோரும் கழுவி ஊற்றினார்களா?

தூக்கம்கெட்டவன் கேட்டது:

கராஜ் ராக் (ஊர்ப் பையன்கள் வீட்டுக் கராஜில் வாசித்துப் பழகிய முரட்டு ராக்) பக்கம் இப்போதுதான் வந்திருக்கிறேன். யாரைக் கேட்டாலும் தி ஸ்டூஜஸ் குழுவின் முதல் ஆல்பத்திலிருந்து ஆரம்பி என்கிறார்கள், கூடவே ஒரு கதையையும் சொல்கிறார்கள். 1969இல் வந்தபோது ஒருத்தருக்கும் புரியவில்லை, விமர்சகர்கள் கிழித்துத் தொங்கவிட்டார்கள், எழுபதுகளில் பங்க் ராக் வந்த பிறகு அதே ஆல்பத்தின் காலில் உலகமே விழுந்தது என்று.

சரி என்று போட்டுக் கேட்டேன். "1969", "ஐ வானா பி யுவர் டாக்", "நோ ஃபன்" மூன்றும் அட்டகாசம், அதில் பேச்சே இல்லை. ஆனால் "வீ வில் ஃபால்" பத்து நிமிடத்துக்கு மேல் ஒரே முனகல், பாதியில் நிறுத்திவிட்டேன். இரண்டாம் பக்கத்தில் "நோ ஃபன்" தாண்டினால் எது எந்தப் பாட்டு என்றே எனக்குப் பிடிபடவில்லை. அன்றைய விமர்சகர்கள் சொன்னதில் கொஞ்சம் நியாயம் இருந்திருக்குமோ என்று தோன்றுகிறது. இல்லை, நான்தான் தப்பாகக் கேட்கிறேனா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள், திட்டினாலும் பரவாயில்லை.

---

பழைய_இசைத்தட்டு எழுதியது:

திட்ட ஒன்றுமில்லை, நல்ல கேள்விதான். "எல்லோரும் வெறுத்தார்கள்" என்பது பாதி உண்மை. ரோலிங் ஸ்டோனில் எட் வார்ட் எழுதிய விமர்சனத்தைத்தான் எல்லோரும் எடுத்துக் காட்டுவார்கள். சத்தம், சலிப்பு, ரசனையில்லை, கற்பனையில்லை, சிறுபிள்ளைத்தனம் என்று வரிசையாக அடுக்கியிருப்பார். ஆனால் அடுத்த வரியிலேயே, இருந்தாலும் எனக்கு ஒரு மாதிரி பிடித்திருக்கிறது என்று மனிதர் சொல்லிவிடுகிறார். அந்த வரியை வெட்டிவிட்டு முதல் பாதியை மட்டும் ஊர் ஊராகச் சுமந்தால் "கிழித்துத் தொங்கவிட்டார்கள்" கதை தானாகத் தயார். என்னைக் கேட்டால் அந்த ஆல்பத்துக்கு இதைவிடச் சரியான விமர்சனம் எழுதவே முடியாது. அவர் குறையாக அடுக்கிய எல்லாமே அதில் இருக்கிறது, அதனால்தான் அது நன்றாகவும் இருக்கிறது.

விற்பனை வேறு விஷயம். பில்போர்டு பட்டியலில் 106ஐத் தாண்டவில்லை. படுதோல்வி என்று சொல்ல மாட்டேன், ஆனால் ஆல்பத்தை வெளியிட்ட எலெக்ட்ரா அப்போது டோர்ஸ் குழுவை வைத்துக் கல்லா கட்டிக்கொண்டிருந்த நிறுவனம், அவர்கள் கணக்குக்கு இதெல்லாம் எண்ணிக்கையே இல்லை. அட்டைப் படத்தைப் பாருங்கள், நாலு முகத்தையும் நெருக்கி வைத்து டோர்ஸ் ஆல்பத்தின் தம்பி மாதிரியே செய்திருப்பார்கள்.

இன்னொன்றும் உண்டு, இதை யாரும் சேர்த்துப் பேசுவதில்லை. 1968 செப்டம்பரில் எலெக்ட்ராவின் டேனி ஃபீல்ட்ஸ் ஆன் ஆர்பருக்குப் போனதே எம்சி5 குழுவைப் பார்க்கத்தான். அவர்கள்தான் எங்கள் தம்பிக் குழுவையும் பாருங்கள் என்று கைகாட்டிவிட்டார்கள். ஒப்பந்தத் தொகை எம்சி5க்கு 20,000 டாலர், ஸ்டூஜஸுக்கு 5,000. எம்சி5 ஆல்பம் 1969 தொடக்கத்திலேயே புரட்சி, கிரட்சி என்று ஏக ஆரவாரத்தோடு வந்தது, ரோலிங் ஸ்டோனில் லெஸ்டர் பேங்ஸ் அதைப் போட்டு அடித்தார் (பிற்பாடு மனசை மாற்றிக்கொண்டார் என்பது வேறு). ஆக டெட்ராய்ட் பக்கத்திலிருந்து இன்னொரு சத்தக் குழு என்றதும், ஆகஸ்டில் ஸ்டூஜஸ் ஆல்பம் வந்தபோது பலர் கேட்பதற்கு முன்பே முகத்தைச் சுளித்திருப்பார்கள் என்பது என் கணிப்பு. அதே மாதம்தான் வுட்ஸ்டாக் இசைவிழா வேறு. நீளமான கிட்டார் சோலோ வாசிக்கிறவனுக்குத்தான் மரியாதை இருந்த காலம், இவர்களோ மூன்று கார்டு (சுரக்கூட்டு) வைத்துக்கொண்டு போரடிக்கிறது, போரடிக்கிறது என்று பாடுகிறார்கள்.

---

ஃபஸ்_பெடல் எழுதியது:

மேலே சொன்னதோடு ஒலிப்பதிவுக் கதையையும் சேர்த்துக்கொள்ளுங்கள், உங்கள் கேள்விக்குப் பாதிப் பதில் அங்கேதான் இருக்கிறது.

தயாரிப்பாளர் ஜான் கேல். வெல்வெட் அண்டர்கிரவுண்ட் குழுவை விட்டு வந்த கையோடு இந்த வேலைக்கு வந்தவர். இடம் நியூயார்க்கின் ஹிட் ஃபேக்டரி, 1969 ஏப்ரல். பையன்களுக்கு ஸ்டூடியோ அனுபவமே கிடையாது, மேடையில் வைப்பது போல மார்ஷல் ஆம்ப்களின் (ஒலிபெருக்கிகளின்) சத்தத்தைப் பத்தில் வைத்து வாசிக்கத் தொடங்கினார்கள். கேல் குறைக்கச் சொன்னார். இவர்கள் கருவிகளைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டார்கள், வேலைநிறுத்தம்! கடைசியில் ஒன்பதில் வைப்பது என்று சமரசம். பாடகர் இக்கி பாப் சொல்லும் கதையில் கேல் டிராகுலா மாதிரி ஒரு கறுப்பு அங்கியோடு உட்கார்ந்திருப்பார், பாடகி நிக்கோ ஒரு மூலையில் ஸ்வெட்டர் பின்னிக்கொண்டிருப்பார். எவ்வளவு உண்மையோ, ஆனால் கேட்க நன்றாக இருக்கிறது.

இப்போது "ஐ வானா பி யுவர் டாக்" பாட்டை ஹெட்ஃபோனில் போட்டு, ரான் ஆஷ்டனின் கிட்டாரைக் கொஞ்ச நேரம் மறந்துவிட்டுப் பின்னால் கேளுங்கள். பியானோவில் ஒரே ஒரு சுரத்தை யாரோ விடாமல் தட்டிக்கொண்டே இருப்பார்கள், கூடவே சிறு மணிகள் குலுங்கும். இரண்டும் கேல் வேலை. கிட்டார் ரிஃப் (திரும்பத் திரும்ப வரும் துண்டு) மூன்று கார்டில் மேலிருந்து கீழே இறங்கி இறங்கி வரும், பியானோ மட்டும் இருந்த இடத்தைவிட்டு அசையாது. கார்டு மாறும்போதெல்லாம் அந்த ஒற்றைச் சுரம் ஒரு தடவை பொருந்தும், ஒரு தடவை உறுத்தும். அந்தப் பாட்டில் ஏதோ ஒன்று நெஞ்சில் ஏறி உட்கார்ந்த மாதிரி இருக்கிறதே, பாதிக்குப் பாதி இதனால்தான். வாசிக்கத் தெரியாத பசங்க என்று அன்றைக்கு எழுதியவர்கள் இதைக் கேட்டார்களா என்று எனக்கு ரொம்ப நாளாகச் சந்தேகம்.

ஆனால் கேல் செய்த மிக்ஸை (குரலும் கருவிகளும் எந்த அளவில் ஒலிக்க வேண்டும் என்று சேர்த்து அமைத்ததை) நிறுவனமும் குழுவும் ஏற்கவில்லை. எலெக்ட்ரா தலைவர் ஜாக் ஹோல்ஸ்மனும் இக்கியும் உட்கார்ந்து மறுபடி மிக்ஸ் செய்ததுதான் கடைக்கு வந்தது. கேட்டால் இக்கியின் குரல் காதுக்கு அருகில் நிற்கும், டிரம்ஸும் பேஸும் அதை ஒட்டிப் போகும். நேரில் பார்த்த ஆன் ஆர்பர் ஆட்களுக்கு இது ரொம்ப அடக்கமாகத் தோன்றியிருந்தால் ஆச்சரியமில்லை, ஆரம்ப நாட்களில் இவர்கள் வாக்யூம் கிளீனரையும் மிக்ஸியையும் மைக்கில் வைத்துக் கச்சேரி செய்த கூட்டம் அல்லவா.

---

நாலாவது_கார்டு எழுதியது:

நான் கேட்டவர் பக்கம். இந்த ஆல்பத்தில் குறை சொன்னாலே "உனக்குப் புரியவில்லை" என்று வாயை அடைப்பது ஒரு நோயாகவே ஆகிவிட்டது.

உங்களுக்குப் பிடிபடாத பாட்டுகள் எவை? "ரியல் கூல் டைம்", "நாட் ரைட்", "லிட்டில் டால்" தானே? அதற்குக் காரணம் இருக்கிறது. ஸ்டூடியோவுக்குப் போகும்போது இவர்கள் கையில் ஐந்து பாட்டுதான், மேடையில் அதையே இழுத்து இழுத்து வாசிப்பார்கள். ஆல்பத்துக்கு இது போதாது, வேறு இருக்கிறதா என்று நிறுவனம் கேட்டது, ஓ இருக்கிறதே என்று சொல்லிவிட்டு செல்சீ ஹோட்டலுக்குப் போய் ஒரே ராத்திரியில் எழுதியவை இந்த மூன்றும். அந்த அவசரம் தெரியத்தான் செய்கிறது. "லிட்டில் டால்" டிரம்ஸ் "1969" பாட்டின் டிரம்ஸுக்கு உடன்பிறப்பு மாதிரி இருக்கிறதே, அதை "திட்டமிட்ட எளிமை" என்று விளக்குகிறவர்களைப் பார்த்தால் சிரிப்புதான் வருகிறது.

என் கட்சி இதுதான்: முதல் ஆல்பம் பாதி ஆல்பம். 1970இல் வந்த "ஃபன் ஹவுஸ்" தான் முழு ஆல்பம். அதற்குத் தயாரிப்பாளர் டான் கலூச்சி, கிங்ஸ்மென் குழுவின் "லூயி லூயி" யில் கீபோர்டு வாசித்த அதே ஆள். கராஜ் ராக்கில் பிறந்து வளர்ந்த ஆள் வந்து, மேடையில் எப்படி வாசிப்பீர்களோ அப்படியே வாசியுங்கள் என்று விட்டார், கேலிடம் நடந்த ஆம்ப் சண்டைக்கே இடமில்லாமல் போய்விட்டது. அதுவும் விற்கவில்லை என்பது தனி சோகம், எலெக்ட்ரா கைகழுவிவிட்டது.

---

பழைய_இசைத்தட்டு எழுதியது:

@நாலாவது_கார்டு அவசரமாக எழுதினால் மோசமாகத்தான் இருக்க வேண்டுமா என்ன? "ரியல் கூல் டைம்" கடைசியில் ரான் கிட்டார் ஒலியை மாற்றும் வா-வா பெடலை மிதித்துக்கொண்டு போகிற அந்தப் பகுதியை எத்தனை குழுக்கள் தேடித் தேடிச் செய்திருக்கின்றன. "நாட் ரைட்" வேண்டுமானால் உங்களுக்கு விட்டுத் தருகிறேன்.

"ஃபன் ஹவுஸ்" பெரிய ஆல்பம், மறுக்கவில்லை. ஆனால் அடுத்து வந்த பையன்கள் கையில் எடுத்தது முதல் ஆல்பத்தைத்தான், ஏனென்றால் கிட்டார் வாங்கிய வாரத்திலேயே வாசித்துப் பார்க்க முடிகிற பாட்டுகள் அதில் இருந்தன. செக்ஸ் பிஸ்டல்ஸ் 1977இல் "நோ ஃபன்" பாட்டைப் பாடி ஒரு சிங்கிளின் மறுபக்கத்தில் போட்டார்கள். "ஃபன் ஹவுஸ்" ஆல்பத்துப் பாட்டு ஒன்றை டேம்ட் என்ற பங்க் குழு பாடியதே என்று நீங்கள் வருவதற்குள் நானே சொல்லிவிடுகிறேன், ஆமாம், பாடினார்கள்.

வரவேற்பு மாறியதற்கு இன்னொரு காரணம் 1972. இசை எழுத்தாளர் லென்னி கே அறுபதுகளின் மறந்துபோன கராஜ் சிங்கிள்களைத் தொகுத்து "நக்கெட்ஸ்" என்று இரட்டை ஆல்பமாகக் கொண்டுவந்தார், வெளியிட்டது அதே எலெக்ட்ரா! அதுவரை இந்த மாதிரி இசைக்கு ஒரு வரிசை, ஒரு பரம்பரை என்று யாரும் யோசிக்கவில்லை, ஒவ்வொன்றும் ஊர்ப் பையன்கள் போட்டுவிட்டு மறந்த தனித்தனிப் பாட்டு. அந்த வரிசை கண்ணுக்குத் தெரிந்த பிறகுதான் ஸ்டூஜஸ் எங்கிருந்து வந்தார்கள் என்பதும் தெரிகிறது. 1969 விமர்சகரிடம் அந்த வரைபடம் இல்லை, அவர் இவர்களை கிட்டார் வித்தை காட்டிய க்ரீம், ஹெண்ட்ரிக்ஸ் பக்கத்தில் வைத்துத்தான் பார்த்தார். அங்கே வைத்தால் யாருக்குமே சிறுபிள்ளைத்தனமாகத்தான் தெரியும்.

---

மெல்லக்கேள் எழுதியது:

"வீ வில் ஃபால்" பற்றி ஒருவரும் பேசவில்லையே. அந்த முனகல் என்ன என்று கவனித்தீர்களா? "ஓம் ஸ்ரீ ராம் ஜெய் ராம் ஜெய் ஜெய் ராம்". நம் ஆட்கள் காதில் விழுந்ததும் திடுக்கென்று இருக்கும். பேஸ் வாசித்த டேவ் அலெக்ஸாண்டர் கொண்டுவந்தது. மேலே அரற்றுவது போல ஓடிக்கொண்டிருக்கும் அந்தக் கருவி கேல் வாசித்த வயோலா. பாட்டு நல்லதா என்று கேட்டால், மூன்றாவது பாட்டாக வைத்ததுதான் தப்பு என்பேன். ஆல்பத்தின் கடைசியில் வைத்திருந்தால் இத்தனை பேர் எரிச்சல்பட மாட்டார்கள். "டாக்" முடிந்த சூட்டில் இது வந்து விழுவதால்தான் கை தானாக அடுத்த பாட்டுக்குப் போகிறது.

---

தூக்கம்கெட்டவன் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. பியானோவை இப்போதுதான் கேட்டேன், இனிமேல் அது இல்லாமல் அந்தப் பாட்டைக் கேட்கவே முடியாது போலிருக்கிறது. அந்த ராம் ஜெபம் சுத்தமாகக் காதில் ஏறவில்லை, மறுபடி போட வேண்டும். ஒரே ஒரு சந்தேகம், கேல் செய்த அந்த முதல் மிக்ஸ் எங்காவது கிடைக்குமா?

---

ஃபஸ்_பெடல் எழுதியது:

கிடைக்கும். 2005இல் வந்த இரட்டை டிஸ்க் மறுவெளியீட்டில் நாலு பாட்டு இருக்கிறது, பிறகு அந்த மிக்ஸ் முழுவதுமே தனி ஆல்பமாகவும் வந்துவிட்டது. அதில் எனக்கு கிட்டார் கொஞ்சம் பின்வாங்கி நிற்பது போலப் படும், மொத்தமும் கனவில் கேட்பது மாதிரி. "நோ ஃபன்" இரண்டு மிக்ஸையும் அடுத்தடுத்துப் போட்டுக் கேளுங்கள். நாலாவது கார்டு எப்படியும் இரண்டுமே சுமார் என்றுதான் சொல்லப்போகிறார்.

---

நாலாவது_கார்டு எழுதியது:

கேல் மிக்ஸ் இன்னும் சுமார்.