ஆச்சி 80 (விருதுநகர் குடும்பம்)

கோவை சித்தி: மண்டபம் உறுதி. சமையலுக்கும் சொல்லியாச்சு. சாயங்காலம் மேடையில் என்ன செய்யலாம்? டிஜே என்று யாரும் ஆரம்பிக்க வேண்டாம்.

பாபு: டிஜே

பெரியப்பா: வி.கே.ராமசாமி வேடம் போடலாம். பாபு நடிக்கட்டும். 1926இல் நம்ம ஊரில் பிறந்தவர். சின்ன வயதிலேயே நாடகக் கம்பெனிக்குப் போய்விட்டார். பாய்ஸ் கம்பெனி என்றால் இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்குத் தெரியாது. பையன்களைச் சேர்த்து, சோறு போட்டு, பாட்டும் வசனமும் அடித்துச் சொல்லிக்கொடுத்து, ஊர் ஊராகக் கொட்டகை போடுவார்கள். பெண் வேடமும் பையன்தான். மகரக்கட்டு வந்து குரல் உடைந்தால் ஸ்திரீபார்ட் போய்விடும்.

மதுரை அத்தை: அப்பாவுக்கும் அப்படித்தான் போச்சு

மதுரை மாமா: ஸ்திரீபார்ட்காரர் மகள் என்றுதான் எங்கள் வீட்டில் கல்யாணத்தை இழுத்தடித்தார்கள்

மதுரை அத்தை: அது இப்போ எதுக்கு?

மதுரை மாமா: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

பாபு: வி.கே.ஆர். யாரு?

குட்டி: மௌன ராகம். மோகனோட பாஸ்.

பாபு: அந்தத் தாத்தாவா! எனக்கு இப்போதான் காலேஜ் முடிஞ்சிருக்கு

பெரியப்பா: அதைத்தான் சொல்ல வந்தேன். 1947, ஏவி.எம்.மின் ‘நாம் இருவர்’. முதலில் அது ப.நீலகண்டன் எழுதிய நாடகம். மேடையில் இவர் போட்ட கிழவர் வேடத்தைப் பார்த்துத்தான் செட்டியார் படத்திலும் கொடுத்தார். அப்போது வயது 21! ரஜினிக்குத் தாத்தாவாக ‘வேலைக்காரன்’ வந்தது 1987இல். நாற்பது வருஷம் கழித்துத்தான் வேடத்துக்கு ஏற்ற வயதே வந்தது.

குட்டி: 👏

கோவை சித்தி: ராத்திரிக்கு எண்ணெய் பரோட்டா சொல்லவா?

பாபு: சொல்லுங்க சொல்லுங்க

மதுரை மாமா: எனக்குச் சுகர்

மதுரை அத்தை: உங்களுக்கு இட்லி

பெரியப்பா: பரோட்டா இருக்கட்டும். பாபு, நீ கத்திப் பேசாதே. அவர் இழுத்து இழுத்துப் பேசி, கடைசி வார்த்தையில் எகத்தாளத்தை வைப்பார். அவ்வளவு இழுத்தாலும் ஒரு எழுத்தை விழுங்க மாட்டார். மைக் இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்கப் பேசிப் பழகிய நாக்கு. நடிப்போடு நிற்கவில்லை, ஏ.பி.நாகராஜனோடு சேர்ந்து படமும் எடுத்தார். ‘மக்களைப் பெற்ற மகராசி’, 1957.

கோவை சித்தி: சிவாஜி எங்க ஊர்ப் பேச்சுப் பேசுவாரே, அதா அத்தான்?

பெரியப்பா: அதேதான்

கோவை சித்தி: அப்படின்னா ‘மணப்பாறை மாடு கட்டி’ நான் பாடுறேன்

மதுரை மாமா: மாடு கட்டி முடிக்க விடிஞ்சிடும்

குட்டி: ‘ருத்ர தாண்டவம்’ படத்தில் சிவனாவே வருவார். பாபுவுக்கு அதைப் போடலாமா?

பாபு: சட்டை இல்லாமலா? முடியாது

பெரியப்பா: நாடகம் என்றால் பின்பாட்டு வேண்டும். அப்பாவின் ஆர்மோனியப் பெட்டி யாரிடம் இருக்கிறது?

கோவை சித்தி: எங்க வீட்டில் இல்லை

மதுரை அத்தை: யார் வீட்டுப் பரணில் இருக்குதுன்னு உங்களுக்கே தெரியும் அண்ணே

பெரியப்பா: அதில் துருத்தி கிழிந்துவிட்டது

மதுரை அத்தை: கிழியும்வரை யாருக்கும் கொடுக்கலையே

குட்டி: நான் இப்போ ஆச்சி பக்கத்தில்தான் இருக்கேன். எல்லாத்தையும் வாசிச்சுக் காட்டினேன். வி.கே.ஆர். வேண்டாமாம். ஆயுசு பூரா வீட்டுக்குள்ளேயே நாடகம் பார்த்தாச்சாம். எம்.ஜி.ஆர். பாட்டு போதுமாம்.

மதுரை மாமா: 😂😂

பாபு: அப்போ வெள்ளை மீசை வாங்கவா, வேண்டாமா?

பெரியப்பா: வாங்கு. ஆச்சியிடம் நான் பேசிக்கொள்கிறேன்.

மதுரை அத்தை: ஆர்மோனியத்தைப் பற்றியும் அப்படியே பேசிடுங்க அண்ணே