ஓடிஜியில் காய் ரோஸ்ட்: பீன்ஸ் மட்டும் சரியா வரலை, வழி சொல்லுங்க

வணக்கம். ரசம் சாதத்துக்குத் தொட்டுக்க ஊட்டி கேரட், சிவப்பு முள்ளங்கி, பிஞ்சு பீன்ஸ் மூன்றையும் ஒரே தட்டில் வறுக்கணும். உள்ளே சூட்டைச் சுழற்றும் கன்வெக்ஷன் ஃபேன் இல்லாத சின்ன ஓடிஜி (மின்சார அவன்), சூடேத்துற மேல் கீழ் இரண்டு கம்பியும் போட்டு 200 டிகிரி, 10 நிமிடம் முன்சூடு.

அரை கிலோ காய்க்கு ஒன்றரை மேசைக்கரண்டி கடலெண்ணெய், முக்கால் டீஸ்பூன் உப்பு. கேரட், முள்ளங்கி அரை அங்குல கனத்தில், 25 நிமிடம், நடுவில் ஒரு புரட்டு. ஓரம் சிவந்து அருமையா வருது. மிளகுத்தூளும் எலுமிச்சையும் இறக்கின பிறகுதான்; முன்னாடியே போட்டா மிளகு கருகிக் கசக்கும்.

பீன்ஸை முதலிலேயே போட்டா சுருங்கி நாராகுது. கடைசி 12 நிமிடத்தில் போட்டா பச்சை வாசனை போகலை, தட்டில் நீர் கோத்து வெந்த பீன்ஸ் மாதிரி ஆகுது. நம்ம ஊர் புழுக்கத்தில் கழுவின காய் சீக்கிரம் காயாதுன்னு துணியில் துடைச்சு, ஃபேனுக்கடியில் அரை மணி நேரம் வச்சாச்சு. தட்டில் நெருக்கமும் இல்லை. கதவைத் திறக்கும்போது சூடு இறங்குறதும், முன்னாடியே உப்பு பிசிறுறதும் காரணமா இருக்கும்னு தோணுது.

பீன்ஸுக்குத் தனித் தட்டைக் காய வச்சுப் போடலாமா? உப்பைக் கடைசியில் தூவினா ஒட்டுமா? ஃபேன் இல்லாத ஓடிஜியில் செய்றவங்க எந்த அடுக்கு, எத்தனை டிகிரி, எத்தனை நிமிடம்னு சொல்லுங்க, ப்ளீஸ்.