மறு: ஜே கட், எல் கட் – தமிழில் எப்படிச் சொல்லலாம்?

> படத்தொகுப்புச் சொற்பட்டியலில் இந்த இரண்டிடம் வந்து சிக்கிக்கொண்டேன். அடுத்த ஷாட்டின் ஒலி படத்துக்கு முன்பே வந்துவிட்டால் ஜே கட், படம் மாறிய பிறகும் பழைய ஷாட்டின் ஒலி தொடர்ந்தால் எல் கட். 'முன்னொலி வெட்டு', 'பின்னொலி வெட்டு' என்று போட்டுவிடலாமா?

வணக்கம் ஐயா,

'முன்னொலி' பரவாயில்லை. 'பின்னொலி' வேண்டாம். பின்னணி இசை, பின்னணிக் குரல் என்று கேட்டுப் பழகியவர்கள் அதையும் பின்னணி ஒலி என்றுதான் எடுத்துக்கொள்வார்கள்.

உதவியாளராகச் சேர்ந்த புதிதில் எனக்கு இதை எழுத்தின் வடிவத்தைக் காட்டித்தான் சொல்லிக்கொடுத்தார்கள். டைம்லைனில், அதாவது எடிட்டிங் கணினித் திரையில் துண்டுகளை வரிசையாக அடுக்கும் பட்டையில், படம் மேலே, ஒலி கீழே. ஒலித்துண்டு இடப்பக்கம் நீண்டிருந்தால் ஜே, வலப்பக்கம் நீண்டிருந்தால் எல். (எல்லுக்கு நம் 'ட' அச்சு அசலாகப் பொருந்துகிறது! ஜேவுக்குத்தான் நம்மிடம் ஆளில்லை.) ஆனால் ஃபிலிமில் வேலை செய்த காலத்தில் டைம்லைன் ஏது? படச்சுருள் தனி, காந்த ஒலிச்சுருள் தனி. ஒலியை மட்டும் சில பிரேம் தள்ளி ஒட்டுவார்கள், அவ்வளவுதான். நொடிக்கு 24 பிரேம் என்பதால் 12 பிரேம் தள்ளினால் அரை நொடி. காதுக்கு அது தாராளம். அதனால் வடிவத்தை விட்டுவிட்டு, பார்ப்பவருக்கு என்ன கேட்கிறது என்பதிலிருந்து பெயர் வைப்போம்.

தூங்குகிறவரின் முகம் திரையில் இருக்கும்போதே ரயில் சத்தம் கேட்கிறது. அப்புறம்தான் ரயில் வருகிறது. இது 'முந்தொலி'. ஒருவர் பேசிக்கொண்டிருக்கிறார், படம் கேட்பவரின் முகத்துக்குப் போய்விடுகிறது, குரல் மட்டும் தொடர்கிறது. இது 'நீளொலி'. இரண்டுமே வினைத்தொகை, ஜோடியாக நிற்கும்.

'வெட்டு' என்பதும் எனக்கு உறுத்துகிறது. தணிக்கையில் வெட்டு என்றால் ஏதோ போய்விட்டது என்று பொருள். இங்கே இரண்டு ஷாட் சேருகின்றன. தொழிலுக்கே 'தொகுப்பு' என்று பெயர் வைத்துவிட்டு, உள்ளே வெட்டு என்பானேன்? முந்தொலி இணைப்பு, நீளொலி இணைப்பு. இதுவே என் வாக்கு.

> நீளொலி பிடித்திருக்கிறது, எடுத்துக்கொள்கிறேன். இரண்டுக்கும் பொதுவான 'ஸ்ப்ளிட் எடிட்'டை என்ன செய்வது? என் பழைய பட்டியலில் 'பிளவுத் தொகுப்பு' என்று இருக்கிறது.

ஐயையோ, அது கட்சி உடைந்த செய்தி மாதிரி இருக்கிறது. டேப்பில் எடிட் செய்யும்போது படத்துக்கு ஒரு தொடக்கப் புள்ளி, ஒலிக்கு வேறொரு தொடக்கப் புள்ளி என்று பிரித்துக் கொடுப்போம். பிளவதில்லை, ஒன்றைவிட்டு ஒன்று விலகுகிறது. 'விலகிணைப்பு' என்று சொல்லிப் பார்த்தேன், நாக்கு இடறுகிறது. 'விலகு இணைப்பு' என்று பிரித்தே எழுதினால் தேவலையா? இலக்கணம் தெரிந்தவர்கள்தான் சொல்ல வேண்டும்.