சேர்க்கைப் பதிவேட்டில் அத்தை பேர் (ஒன்றியப் பள்ளிக்கூட அனுபவங்கள்)

கரிசக்காட்டுப்பொண்ணு:
அப்பாவோட பிறந்த தேதிக்கு ஒரு சான்று தேவைப்பட்டுச்சு. விளாத்திகுளம் பக்கத்துல எங்க ஊர் ஒன்றியத் தொடக்கப் பள்ளிக்குப் போனேன். ஹெச்.எம். டீச்சர் டிரங்குப் பெட்டியிலிருந்து பழைய சேர்க்கைப் பதிவேட்டை எடுத்தாங்க. அட்டை போயிருச்சு, தாளெல்லாம் அப்பளம் மாதிரி. அப்பா 1963ல சேர்ந்திருக்கார், பிறந்த தேதி ஜூன் 1. தேதி தெரியாத பிள்ளைகளுக்கு வாத்தியாரே போடுறது அதுதான், உங்க வீட்டுலயும் ஜூன் 1 தானே? கையைத் தலைக்கு மேல சுத்திக் காதைத் தொட்டா சேர்த்துக்கிட்ட காலம்.

ரெண்டு பக்கம் தள்ளி, 1965ல, எங்க அத்தை பேர். தாத்தா பேர், தெரு, தொழில் ‘கூலி’ எல்லாம் சரியா இருக்கு. நீக்கிய காரணம்: ‘நெடுநாள் வராமை’.

அத்தை இன்னைக்கும் கைநாட்டு. “நான் பள்ளிக்கூட வாசப்படி மிதிச்சதில்ல, நீங்களாவது படிங்க”ன்னு சொல்லியே எங்க அஞ்சு பேரையும் வளர்த்தது. அந்த வரி மேல விரலை வெச்சுக்கிட்டு நின்னேன். “ஜெராக்ஸ் எடுக்கணுமா?”ன்னு டீச்சர் ரெண்டு தடவை கேட்டுட்டாங்க. அப்போ அத்தை எங்ககிட்ட சொன்னது பொய்யா?

ஓய்வுபெற்ற_வாத்தியார்:
அம்மா, அத்தையைச் சந்தேகப்படாதீங்க, பதிவேட்டைச் சந்தேகப்படுங்க. 1978ல ஈராசிரியர் பள்ளியில வேலைக்குச் சேர்ந்தேன். அப்போ எங்களுக்குச் சம்பளம் ஒன்றிய ஆணையர் ஆபீஸ்ல. 1981 ஜூன்லதான் அரசு ஊழியர் ஆனோம். எண்ணிக்கை குறைஞ்சா ரெண்டாவது ஆள் உபரி, எங்கேயாவது தூக்கிப் போட்டுருவாங்க. அதனால காட்டுக்குப் போற பிள்ளைக பேரும் பதிவேட்டுல இருக்கும்.

ஒருநாள் பள்ளி இன்ஸ்பெக்டர் வந்துட்டார். பக்கத்துத் தெருவுல ஆடு பத்திக்கிட்டுப் போன ஒரு பையனைக் கூப்பிட்டு உக்கார வெச்சு, ‘கேட்டா இந்தப் பேரைச் சொல்லு’ன்னு சொல்லிட்டேன். அவர் நேரா அவன்கிட்டதான் வந்து, “உன் பேர் என்னப்பா?”ன்னார். பையன் என்னைப் பார்த்தான், அவரைப் பார்த்தான். “எந்தப் பேரு சார்?”னு கேட்டான்.

அவர் ஒண்ணும் பேசாம கையெழுத்துப் போட்டுட்டுப் போனார். அந்தப் பையனை அடுத்த நாளாவது உண்மையிலேயே சேர்த்திருக்கலாம். சேர்க்கலை.

வைப்பாற்றங்கரை:
வாத்தியார் ஐயா, நீங்க 78ல பண்ணினதை 65 தலையில கட்டாதீங்க. 1958லருந்து ஊர் ஊரா பள்ளிச் சீரமைப்பு மாநாடு நடந்தப்போ பெஞ்சு, மணி, குடம்னு ஊரே கொண்டுவந்து கொடுத்துச்சு. எங்க தாத்தா கொடுத்தது ஒரு தண்டவாளத் துண்டு, அதுதான் மணி. 1953ல ராஜாஜி திட்டத்துல கிராமத்துப் பிள்ளைகளுக்கு மூணு மணி நேரம்தான் பள்ளிக்கூடம், மிச்ச நேரம் அப்பன் தொழில். 54ல காமராஜர் வந்து அதை எடுத்தார், 56ல எட்டயபுரத்துல மதிய உணவை ஆரம்பிச்சார். அந்த வேகத்துல சேர்ந்த பிள்ளைகளைப் போய்ப் பொய்க் கணக்குன்னா எப்படி?

போன வருஷம் போனேன். எங்க பள்ளியில பிள்ளையே இல்லை, பூட்டிட்டாங்க. தண்டவாளம் வேப்பமரத்துலயே தொங்குது, மரம் வளர்ந்து கம்பியைப் பாதி முழுங்கியிருச்சு. ஒரு கல்லெடுத்துத் தட்டினேன். எதிர்த்த வீட்டுப் பாட்டி, “யாருப்பா பள்ளிக்கூடம் விடுறது?”ன்னு கதவைத் திறந்துச்சு.

மெட்ராஸ்_மாமா:
மதிய உணவு 1920லேயே சென்னை மாநகராட்சிப் பள்ளியில, ஆயிரம் விளக்குல, மாநகராட்சித் தலைவர் தியாகராயர் காலத்துல ஆரம்பிச்சது. வரலாற்றைச் சரியா எழுதுங்க.

வைப்பாற்றங்கரை:
ஆயிரம் விளக்கு எங்க ஒன்றியத்துல இல்லீங்க மாமா.

வழிகாட்டி72:
எனக்கும் ஜூன் 1 தான், பாஸ்போர்ட்டுக்கு அலைஞ்சேன். சகோதரி, முக்கியமான விஷயத்தை எல்லாரும் விட்டுட்டீங்க. பள்ளிப் பதிவேட்டை மட்டும் நம்பி நிக்காதீங்க. முதல்ல பிறப்புப் பதிவு இருக்கான்னு தேடச் சொல்லி மனுக் கொடுங்க. இல்லைன்னா ‘பதிவு இல்லை’ன்னு எழுத்துல வாங்குங்க. ஒரு வருஷத்துக்கு மேல தாமதமான பதிவுன்னா ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) உத்தரவு வேணும். அப்பா பேர்ல எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகுதான்னு ஆதாரையும் ரேஷன் கார்டையும் பாருங்க, இனிஷியல் மாறினாலே திருப்பி அனுப்புவாங்க. பூட்டின பள்ளிக்கும் வழி இருக்கு. கல்வி உரிமைச் சட்டத்தின்படி தொடக்கப் பள்ளி 1 கிலோமீட்டருக்குள்ள இருக்கணும். பிள்ளைக பேர், வயசு பட்டியலோட ஆகஸ்ட் 15 கிராம சபையில தீர்மானம் போடுங்க, நகல் வாங்கிக்குங்க, ஒண்ணை வட்டாரக் கல்வி அலுவலருக்கு ஸ்பீட் போஸ்ட்ல அனுப்புங்க. ரசீதைத் தொலைச்சிராதீங்க.

கரிசக்காட்டுப்பொண்ணு:
அண்ணா, அப்பா வேலை அன்னைக்கே முடிஞ்சுருச்சு. நான் கேட்டது அத்தையை.

ஞாயித்துக்கிழமை போய்க் கேட்டுட்டேன். ஜெராக்ஸைக் காட்டினேன். “இது என்ன எனக்குத் தெரியுமா?”ன்னு திருப்பிக் கொடுத்துருச்சு. பேர் இருக்குன்னு வாசிச்சுக் காட்டினதும் கொஞ்ச நேரம் புளியை உருட்டிக்கிட்டே இருந்துச்சு. அப்புறம் சிரிச்சுது.

“மஞ்ச உப்புமா போடுவாக, அமெரிக்கா மாவுல. ஆயாவுக்கு ரெண்டு குடம் தண்ணி சேந்திக் கொண்டாந்தா எனக்கும் ஒரு தட்டு. பேரு இல்லாத பிள்ளைக்குச் சோறு போட்டா கணக்கு இடிக்கும்னு வாத்தியாரு எழுதிக்கிட்டாரு. உள்ள போயி உக்காந்ததில்லத்தா. அடுப்படியோட சரி.”

வாத்தியார் ஐயா சொன்னதும் சரி, வைப்பாறு சொன்னதும் சரி போல.

“அப்புறம் ஏன் அத்தை நின்ன?”

“கெணறு வத்திருச்சுல்ல.”