பின்லாந்துச் சவுனாவில் உடையின்றி அமர்ந்தால் உடல்கூச்சம் குறையுமா?

தாமிரபரணிக்காரி:
வேலை நிமித்தம் பின்லாந்துக்கு வந்து ஓராண்டாகிறது. இங்குள்ள பொது நீச்சல் மண்டபங்களில், பெண்களுக்கெனத் தனியாக உள்ள சவுனாவுக்குள் (சூடான கற்களில் நீரூற்றி ஆவி எழுப்பும் அறை) நீச்சலுடையைக் கழற்றிவிட்டுத்தான் செல்ல வேண்டும் என்பதால், நீந்தி முடித்ததும் வீடு திரும்பிவிடுகிறேன். ஆற்றில் உள்பாவாடையை நெஞ்சுக்கு மேல் ஏற்றிக் கட்டிக் குளித்து வளர்ந்தவள் நான். சிசேரியன் தழும்பும் சரிந்த வயிறுமாக அந்நியர் முன் நிற்பதை நினைத்தாலே குறுகிப் போகிறேன். உடன் பணிபுரியும் பெண்களோ, தங்களுக்கு உடலைப் பற்றிய கூச்சம் இல்லாததற்குச் சவுனாவே காரணம் என்கிறார்கள். இது உண்மைதானா?

வடக்குவாசி:
சகோதரி, ஹெல்சின்கியின் யுர்யோன்காட்டு நீச்சல் மண்டபம் 1928இல் திறக்கப்பட்டது. ஆண்களுக்கும் பெண்களுக்கும் வெவ்வேறு நாள்கள்; நீச்சலுடை அணிய அனுமதி வந்ததே 2001இல்தான். முதல்முறை அங்குள்ள சவுனாவுக்குச் சென்றபோது துண்டை இறுகப் பற்றிக்கொண்டு, உட்காரும் மரத்தட்டுகளில் கீழ்த்தட்டின் ஓரத்தில் உட்கார்ந்தேன். எதிரே முழங்காலில் நீண்ட அறுவைத் தழும்போடு ஒரு பாட்டி, கால் முழுக்க நரம்பு சுருண்ட இன்னொருவர், பிரசவக் கோடுகளோடு என் வயதுப் பெண்கள் இருவர். பாட்டி அகப்பையைத் தூக்கிக் காட்டி, இன்னும் கொஞ்சம் ஊற்றட்டுமா என்று கேட்டார், எல்லாரும் தலையசைத்தார்கள், கல்லில் நீர் சீறியது. அதன்பின் ஆவியின் சூடு காதைப் பிடித்ததே தவிர வயிற்றின் நினைவு எனக்கு வரவில்லை. என் உடல் அழகானது என்ற எண்ணமெல்லாம் அங்கே தோன்றவில்லை; விளம்பரங்களில் காணும் உடல்தான் அபூர்வமானது என்பது மட்டும் கண்ணுக்குத் தெரிந்தது.

உளவியல் மாணவன்:
இதைச் சோதித்தே பார்த்திருக்கிறார்கள். லண்டன் கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியின் கியோன் வெஸ்ட் 2020இல் வெளியிட்ட ஆய்வில், 51 பேரைக் குலுக்கல் முறையில் பிரித்து, ஒரு பிரிவினரை உடையுடனும் மற்றவரை உடையின்றியும் கூடிப் பழகச் செய்தார். உடையின்றிப் பழகியவர்களிடம் உடலை மதிக்கும் மனநிலை கூடியது. பிறர் தம் உடலை எடைபோடுகிறார்கள் என்ற பதற்றம் தணிந்ததே அதற்கு வழி என்று அவர் விளக்குகிறார். ஆயினும் 51 பேர் என்பது சிறிய எண்ணிக்கை. அத்தகைய சோதனைக்கு முன்வருபவர்கள் ஏற்கெனவே கூச்சம் குறைந்தவர்களாகவும் இருக்கலாம்.

அல்லிக்குளம்:
நான் மாறுபடுகிறேன். அலுவலகத்தார் வற்புறுத்தியதால் ஒருமுறை சென்று, பத்து நிமிடமும் தரையையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு வந்தேன். கூச்சம் குறையவில்லை, கோபம்தான் மிஞ்சியது. நாமாக விரும்பிச் சென்றால்தான் இதில் பயன். ஹெல்சின்கியில் லோய்லு என்னும் சவுனாவில் ஆண்களும் பெண்களும் சேர்ந்து அமர்வதால் நீச்சலுடை கட்டாயம். அங்கிருந்து தொடங்கினாலும் குறைவில்லை.

தாமிரபரணிக்காரி:
அனைவருக்கும் நன்றி. கூட்டம் குறைந்த வார நாள் காலையில், தனியாகவே போய்ப் பார்க்கிறேன். துண்டு கொண்டுபோகலாம் அல்லவா?

வடக்குவாசி:
கட்டாயம் கொண்டுபோங்கள், கீழே விரிப்பதற்கு. மேல்தட்டு மரம் சுடும்.